நோயைக் கணக்கிட்டவர்

கொசுவை ஒழிக்க வேண்டும் என்று சொன்னால், "இத்தனை கொசுவையும் யாரால் ஒழிக்க முடியும்?" என்று நம்மில் பலர் கேட்கிறோம். நியாயமான கேள்விதான். இதற்கு நூறு ஆண்டுகளுக்கு முன்பே விடை கண்டவர் ரொனால்ட் ராஸ் என்னும் மருத்துவர். விடை கண்டது மருந்தினால் அன்று, கணக்கினால்.

ராஸ் 1857இல் இமயமலைச் சாரலில் உள்ள அல்மோராவில் பிறந்தவர். 1881இல் இந்திய மருத்துவப் பணியில் சேர்ந்தார். ஓய்வு நேரத்தில் தாமாகவே கணிதம் பயின்றார். 1897 ஆகஸ்டு 20ஆம் நாள் செகந்திராபாத்தில், நோயாளியைக் கடித்த கொசுவின் வயிற்றில் மலேரியாக் கிருமியைக் கண்டார். 1902இல் நோபல் பரிசு பெற்றார்.

அதோடு அவர் நின்றுவிடவில்லை. கொசு எவ்வளவு குறைந்தால் நோய் குறையும் என்று ஆராய்ந்தார். 1907, 1908ஆம் ஆண்டுகளில் மொரீசியஸ் தீவில் மலேரியாவை ஆராய்ந்தபின், அதன் பரவலைச் சமன்பாடுகளாக எழுதினார்.

நாமும் ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒரு நோயாளியை 40 கொசுக்கள் கடிப்பதாக வைத்துக்கொள்வோம். கொசுவின் உடலில் கிருமி முற்றுவதற்கு ஏறத்தாழப் பத்து நாளாகும். அதுவரை நாலில் ஒன்றே உயிரோடிருந்தால், மிஞ்சுவது 10. அவற்றில் ஐந்தில் ஒன்றே வேறொரு மனிதரைக் கடித்தால், புது நோயாளிகள் 2 பேர். இரண்டு நாலாகும், நாலு எட்டாகும், நோய் பெருகும்.

இப்போது 40 கொசுவை 16 ஆகக் குறைப்போம். மிஞ்சுவது 4, அதில் மனிதரைக் கடிப்பது ஒன்றுக்கும் குறைவு. பத்து நோயாளிகளால் எட்டுப் பேருக்கே நோய் வரும். அடுத்து ஆறு பேருக்கு. இப்படியே தேய்ந்து நோய் மறையும். கொசு இன்னும் இருக்கிறது; நோய்தான் இல்லை! கடைசிக் கொசுவரை கொல்லத் தேவையில்லை என்பதே ராஸ் காட்டிய உண்மை.

1950களில் ஜார்ஜ் மெக்டொனால்ட் இக்கணக்கை வளர்த்தார். கொசுவின் ஆயுளைக் குறைத்தால் நோய் இன்னும் விரைவாகக் குறையும் என்று காட்டினார். வீட்டுச் சுவர்களில் மருந்தடிப்பதன் பயன் இதுவே.

நம் நாட்டில் 1901இல் மருத்துவர் மால்கம் வாட்சன் கிள்ளானிலும் போர்ட் சுவெட்டன்ஹாமிலும் தேங்கிய நீரை வடியச் செய்து மலேரியாவைக் குறைத்தார். பின்னர் தோட்டங்களிலும் அப்பணி நடந்தது. அதற்கு முன் காய்ச்சலில் மடிந்த நம் முன்னோர் எத்தனையோ பேர்!

2020இல் கோவிட்-19 பரவியபோதும், ஒருவரிடமிருந்து எத்தனை பேருக்குத் தொற்றுகிறது என்றே அறிஞர்கள் கணக்கிட்டனர். அந்த எண் ஒன்றுக்குக் கீழே இறங்க வேண்டும் என்பதே அங்கும் குறிக்கோள்.

டிங்கிக் காய்ச்சலுக்கும் இதே கணக்குத்தான். பழைய டயரிலும் பூச்சட்டித் தட்டிலும் நிற்கும் நீரை நாம் வாரந்தோறும் கொட்டினால், எல்லாக் கொசுவும் அழியாது. ஆனால் அந்த எண் குறையும். அது ஒன்றுக்குக் கீழே இறங்க நம் லயத்திலுள்ள ஒவ்வொரு வீடும் சேர வேண்டும். பிள்ளைகளே, பள்ளியில் கற்கும் பெருக்கலும் வகுத்தலும் உயிர் காக்கும் என்பதை மறவாதீர்கள்.