பிங் எவ்வளவு?

வீடியோ கேம் ஆடுகிறவர்கள் ‘பிங்’ என்ற சொல்லை இரண்டு பொருளில் ஆள்கிறார்கள். கைப்பேசியிலிருந்தோ கணினியிலிருந்தோ புறப்படும் ஒரு செய்தி, ஆட்டத்தை நடத்தும் சர்வரைத் தொட்டுவிட்டுத் திரும்பிவர ஆகும் நேரம் முதல் பொருள். மில்லி விநாடியில் இதைச் சொல்வார்கள். விநாடியை ஆயிரம் கூறாக்கினால் அதில் ஒரு கூறு. ஆட்டத்தின் வரைபடத்தில் ஓர் இடத்தைத் தொட்டு, ‘இங்கே வா’, ‘இங்கே ஆபத்து’ என்று கூட்டாளிகளுக்குக் காட்டும் சைகை இரண்டாவது பொருள். “பிங் ஏறிடுச்சு” என்றால் முதலாவது. “மேப்ல பிங் அடி” என்றால் இரண்டாவது. ஒரே ஆட்டத்தில் இரண்டும் மாறி மாறி வந்தாலும் ஆடுகிறவர்களுக்குக் குழப்பம் வருவதில்லை. மலேசியாவில் மலாய்க்காரர், சீனர், தமிழர் என்று யாரோடு ஆடினாலும் சொல் இதுதான். திரையின் மூலையில் இருக்கும் எண் பச்சையிலிருந்து சிவப்புக்கு மாறிவிட்டால், “பிங் மேரா” என்ற மலாய்ப் பேச்சு தமிழ்ப் பிள்ளைகளின் வாயிலும் அப்படியே வரும்.

பேராக் மாநிலத்தின் லூமுட்டில் இந்தச் சொல்லுக்கு இவ்விரண்டுக்கும் மூத்த பொருள் ஒன்று உண்டு. அரச மலேசியக் கடற்படையின் முதன்மைத் தளம் அங்கேதான் இருக்கிறது. நீர்மூழ்கிகளைத் தேடும் போர்க்கப்பலின் சோனார் கருவி தண்ணீருக்குள் ஓர் ஒலித்துடிப்பை அனுப்பும். அது எதன்மேலாவது பட்டுத் திரும்பினால் கருவி அதைக் கேட்கும். அந்தத் துடிப்பின் ஓசையே ‘பிங்’. கடல்நீரில் ஒலி விநாடிக்குச் சுமார் 1,500 மீட்டர் செல்லும். எதிரொலி இரண்டு விநாடி கழித்து வந்தால், போக ஒன்று வர ஒன்று என்று பிரித்து, பொருள் 1,500 மீட்டர் தொலைவில் இருப்பதாகக் கணக்கிடலாம். பிரெஞ்சு இயற்பியலாளர் பால் லாஞ்செவின் முதல் உலகப் போரின்போது குவார்ட்ஸ் படிகத்தை மின்சாரத்தால் அதிரவைத்து இந்த முறையைக் கைகூடச் செய்தார். லூமுட் கப்பல் கட்டும் தளத்தில் 2017 ஆகஸ்டில் பெயர்சூட்டு விழா கண்ட மகாராஜா லேலா வகைக் கப்பலும் சோனாரோடு நீர்மூழ்கிகளைத் தேடவும் வடிவமைக்கப்பட்டது.

கடலுக்குள் கேட்ட ஓசையைக் கணினிக்குக் கொண்டுவந்தவர் மைக் மூஸ் என்ற அமெரிக்கர். மேரிலாந்து மாநிலத்தில் அமெரிக்க ராணுவத்தின் பாலிஸ்டிக் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்தவர். 1983 டிசம்பரில், அங்கிருந்த இணைப்பு ஒன்று கோளாறு செய்தபோது, அதைக் கண்டறிய ஒரு சிறு நிரலை எழுதினார். ஒரு கணினி இன்னொன்றைப் பார்த்து ‘இருக்கிறாயா?’ என்று கேட்க, அது ‘இருக்கிறேன்’ என்று பதில் சொல்ல, இடையில் போன நேரத்தைக் கணக்கெடுக்கும் வேலை அதற்கு. இப்படிக் கேட்கவும் பதில் சொல்லவும் வேண்டிய விதிமுறை 1981-லேயே இணையத்தில் வகுக்கப்பட்டிருந்தது. சோனாரின் வேலையும் இதுவேதான் என்பதால் மூஸ் அதன் ஓசையையே நிரலுக்குப் பெயராக வைத்தார். சில ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்துகளைச் சேர்த்து உண்டான பெயர் என்று சொல்லப்படும் விளக்கம் பின்னால் வேறொருவர் பொருத்தியது.

மூஸ் எழுதி வைத்துப்போன குறிப்பில் ஒரு கதை வருகிறது. ஒரு கட்டடத்தில் கணினி இணைப்பு விட்டுவிட்டு அறுந்துகொண்டிருந்தது. எந்த இடத்தில் கம்பி தளர்ந்திருக்கிறது என்று தெரியவில்லை. பொறுப்பிலிருந்தவர் ஒவ்வொரு பதில் வரும்போதும் கணினி வாய்விட்டு ‘பிங்’ என்று சொல்லும்படி செய்து, அதை ஸ்டீரியோவில் இணைத்து, ஒலியை முழுதாக ஏற்றிவிட்டார். விநாடிக்கு ஒரு பிங் கட்டடம் முழுதும் முழங்கியது. அவர் அறை அறையாகப் போய் ஒவ்வொரு இணைப்பியையும் அசைத்துப் பார்த்தார். எதை அசைத்தபோது சத்தம் நின்றதோ அதுதான் பழுது. கருவியின் இயல்பை இவ்வளவு தெளிவாகக் காட்டும் கதை வேறில்லை.

ஆட்டத்துக்கு வருவோம். பிங்கைத் தீர்மானிப்பதில் முதல் இடம் தொலைவுக்கு. கண்ணாடி இழைக்குள் ஒளி விநாடிக்கு ஏறக்குறைய 2,00,000 கிலோமீட்டர்தான் செல்லும். வெற்றிடத்தில் செல்லும் வேகத்தில் மூன்றில் இரண்டு பங்கு. லூமுட்டிலிருந்து சிங்கப்பூருக்கு நேர்க்கோட்டில் சுமார் 480 கிலோமீட்டர். போய்வர 960. ஆக, ஒளிக்கே கிட்டத்தட்ட 5 மில்லி விநாடி வேண்டும். கம்பி நேர்க்கோட்டில் போவதில்லை. வழியில் ஒவ்வொரு நிலையத்திலும் செய்தி நின்று திசை கேட்டுப் போகவேண்டும். அதனால் திரையில் தெரியும் எண் இதைவிடப் பல மடங்கு இருக்கும். சென்னையைச் சிங்கப்பூரோடு நேராக இணைக்கும் ஐ2ஐ கடலடிக் கம்பி 2002-இல் வந்தது. நீளம் சுமார் 3,200 கிலோமீட்டர். அதில் போய்வர மட்டும் 32 மில்லி விநாடி. அமெரிக்காவின் மேற்குக் கரை சுமார் 14,000 கிலோமீட்டர் தொலைவில். அங்குள்ள சர்வரோடு ஆடினால் ஏறக்குறைய 140-க்குக் கீழே இறங்க இயற்பியலே இடம் தராது. பூமியிலிருந்து 35,786 கிலோமீட்டர் உயரத்தில் நிற்கும் செயற்கைக்கோள் வழியாக இணையம் பெறுகிறவருக்கு, கேள்வி ஏறி இறங்கி, பதிலும் ஏறி இறங்க, அரை விநாடி ஓடிவிடும். 2023-இல் மலேசியாவுக்கு வந்த ஸ்டார்லிங்கின் கோள்கள் 550 கிலோமீட்டர் உயரத்திலேயே சுற்றுவதால் அங்கே இந்தத் தொல்லை இல்லை.

இங்கேதான் பல வீடுகளில் பணம் வீணாகிறது. ஆட்டம் தடுமாறுகிறது என்று 100 எம்பிபிஎஸ் திட்டத்தை 500-க்கு மாற்றுகிறார்கள். எம்பிபிஎஸ் என்பது ஒரு விநாடியில் எவ்வளவு தரவு வந்து சேரும் என்ற அளவு. பிங் என்பது ஒரே ஒரு சிறு செய்தி போய்வரும் நேரம். சாலையை அகலப்படுத்தினால் லாரிகள் அதிகம் போகலாம். ஈப்போவுக்கும் லூமுட்டுக்கும் இடையிலுள்ள தூரம் குறையாது. படத்துக்கும் பாட்டுக்கும் தேவைப்படும் தரவோடு ஒப்பிட்டால், ஓர் ஆட்டம் அனுப்புவதும் பெறுவதும் மிகச் சொற்பம்.

பிங் ஏறுவதற்கான காரணம் பெரும்பாலும் வீட்டுக்குள்ளேயே கிடக்கும். கூடத்தில் ஒருவர் படம் பார்க்கிறார், இன்னொருவர் கைப்பேசிப் புகைப்படங்களை மேகச் சேமிப்புக்கு ஏற்றுகிறார். ரௌட்டர் வந்த தரவையெல்லாம் வரிசையில் அடுக்கி வைத்துக்கொண்டு ஒன்றொன்றாக அனுப்பும். ஆட்டத்தின் துளிச்செய்தியும் அந்த நீண்ட வரிசையின் வாலில் போய் நிற்கும். அமெரிக்கப் பொறியாளர் ஜிம் கெட்டிஸ் 2010 வாக்கில் இந்தச் சிக்கலை உலகத்தின் கவனத்துக்குக் கொண்டுவந்தார். ஒய்-பையிலும் இதுபோலொரு இழுபறி உண்டு. சுவரைத் தாண்டி வலுவிழந்து வரும் அலையும், பக்கத்து வீட்டு அலையோடு மோதிச் சிதைந்த தரவும் திரும்ப அனுப்பப்படவேண்டும். பழுது எங்கே என்று பார்க்க மூஸின் நிரல் இன்றும் எல்லாக் கணினியிலும் இருக்கிறது. விண்டோஸில் கட்டளைச் சாளரத்தைத் திறந்து, பிங் என்று அடித்து, ரௌட்டரின் முகவரியைக் கொடுத்தால், அது 32 பைட் அளவில் நான்கு செய்திகளை அனுப்பி நான்கு நேரங்களைக் காட்டும். கம்பி வழியே இணைத்திருந்தால் ஒரு மில்லி விநாடி அல்லது அதற்கும் கீழே வரவேண்டும். அங்கேயே 80, 200 என்று குதித்தால், இணைய நிறுவனத்தைத் திட்டுவதில் பயனில்லை. ரௌட்டரிலிருந்து ஒரு லேன் கம்பி இழுப்பதே மருந்து.

எண் எவ்வளவு என்பதைவிட அது நிலையாக இருக்கிறதா என்பதே முக்கியம். 80-இலேயே நிற்கும் பிங்கோடு கை பழகிவிடும். 30-க்கும் 150-க்கும் இடையே ஆடும் பிங்கோடு யாராலும் பழக முடியாது.

ஆட்டத்தை எழுதுகிறவர்கள் இந்தத் தாமதத்தை மறைக்கப் பல உத்திகளைக் கண்டுபிடித்தார்கள். ஜான் கார்மாக் 1996-இல் வெளியிட்ட குவேக்வோர்ல்டில், சர்வரின் பதிலுக்குக் காத்திராமல் ஆடுகிறவரின் கணினியே அடுத்த அசைவை ஊகித்துக் காட்டியது. ஊகம் தவறினால் சர்வர் வந்து திருத்தும். ஓடிக்கொண்டிருந்த வீரன் ரப்பரில் கட்டி இழுத்ததுபோல் பின்னால் வந்து விழுவது அந்தத் திருத்தத்தால்தான். வால்வ் நிறுவனத்தின் யான் பெர்னியர் 2001-இல் விளக்கிய முறை இன்னும் நுட்பமானது. ஒருவர் சுட்டார் என்ற செய்தி சர்வருக்கு வந்ததும், அது காலத்தைச் சற்றுப் பின்னோக்கி ஓட்டி, சுட்ட கணத்தில் அவர் திரையில் எதிரி எங்கே இருந்தான் என்று பார்த்துத் தீர்ப்புச் சொல்லும். சுட்டவருக்கு அது நியாயம். சுடப்பட்டவரோ சுவருக்குப் பின்னால் ஒளிந்த பிறகும் சாவார். “ஒளிஞ்சிட்டேன்டா, அப்புறம் எப்படி?” என்று அவர் கத்துவதில் பொய் இல்லை, இருவர் திரையிலும் இரண்டு வேறு கணங்கள் ஓடிக்கொண்டிருந்தன. 2020-இல் வெளியான வேலரண்ட் ஆட்டத்துக்கு ரயட் கேம்ஸ் நிறுவனம் வைத்த இலக்கு, ஆடுகிறவர்களில் 70 விழுக்காட்டினருக்கு 35 மில்லி விநாடிக்குக் கீழே பிங் கொடுப்பது.

மலேசியாவில் இந்தச் சொல் வீடுகளுக்கு வந்து சேர்ந்த வழி ‘சிசி’ என்று அழைக்கப்பட்ட இணைய மையங்கள். ஒரே அறையில் பத்துப் பேர் வார்கிராஃப்டின் டோட்டா ஆடியபோது பிங் யாருக்கும் கவலையாக இருக்கவில்லை. கரீனா போன்ற தளங்கள் வழியே வெளியூர்க்காரரோடு ஆடத் தொடங்கியபோதுதான் எண் முக்கியமானது. பிங் அதிகமுள்ளவர் நுழைந்தால் ஆட்டம் முழுவதும் எல்லாருக்கும் தடுமாறும் என்பதால், ஆட்டம் தொடங்குகிறவர் அவரை வெளியே தள்ளிவிடுவார். நல்ல கம்பி இணைப்பு இல்லாத சிற்றூர்ப் பிள்ளைகளுக்கு அது பெரிய அவமானமாக இருந்தது. யூனிஃபை கண்ணாடி இழைச் சேவை 2010 மார்ச்சில் தொடங்கினாலும் நகரங்களுக்குத்தான் முதலில் போனது. திறமைக்கு முன்னால் முகவரி தீர்ப்புச் சொன்ன காலம் அது. இன்று மொபைல் லெஜண்ட்ஸ் ஆட்டம் கைப்பேசியிலேயே நடக்கிறது. அதன் முதல் உலகப் போட்டி 2019 நவம்பரில் கோலாலம்பூர் ஆக்சியாட்டா அரங்கில் நடந்தது; 2024-இல் ரியாத்தில் நடந்த, அதே ஆட்டத்தின் எம்எஸ்சி என்ற போட்டியில் மலேசியாவின் செலாங்கூர் ரெட் ஜயண்ட்ஸ் அணி கோப்பையை வென்றது. அத்தகைய அரங்குகளில் எல்லாரும் ஒரே கூரையின் கீழ் ஆடுவதால், தோற்றவர் பிங்மேல் பழிபோட வழி கிடையாது. வெளியே அந்தப் பழி தாராளமாகப் போடப்படுகிறது. அதில் பாதி உண்மை, பாதி சாக்கு.

வரைபடத்தில் காட்டும் சைகை என்ற இரண்டாவது பொருளுக்கும் சோனாருக்கும் உள்ள உறவு ஓசையளவில் நிற்கிறது. வரைபடத்தில் தொட்டதும் ஒரு மணியோசையும் விரியும் ஒளிவட்டமும் தோன்றும். லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் ஆட்டத்தில் ‘எதிரியைக் காணோம்’, ‘பின்வாங்கு’, ‘வந்துகொண்டிருக்கிறேன்’ என்று தனித்தனிப் பிங்குகள் உண்டு. மலேசியா, இந்தோனேசியா, பிலிப்பைன்ஸ், தாய்லாந்துக்காரர்கள் ஒரே அணியில் விழும் தென்கிழக்காசிய சர்வரில் இதன் மதிப்பு மிகப் பெரிது. ஐந்து பேருக்கு நான்கு மொழி இருந்தாலும், சிவப்பு வட்டம் எல்லாருக்கும் ஒரே செய்தியைச் சொல்லிவிடும்.

அதே வசதி வசையாகவும் மாறியது. கூட்டாளி செத்த இடத்தில் கேள்விக்குறிப் பிங்கைப் பத்து முறை அடித்தால், ‘என்ன ஆட்டம் இது?’ என்ற ஏளனம் வாய் திறக்காமலே போய்ச் சேரும். தூண்டில் வடிவிலிருந்த ஒரு பிங், திட்டுவதற்கே அதிகம் பயன்பட்டதால், லீக் ஆஃப் லெஜண்ட்ஸிலிருந்து 2023-இல் நீக்கப்பட்டது. தொடர்ந்து அடிக்கமுடியாதபடி தடையும், தொல்லை தருகிறவரின் பிங்கை மட்டும் அமர்த்தும் வசதியும் இப்போது இருக்கின்றன. அந்த வசதியைத் தயங்காமல் பயன்படுத்தவேண்டும். பதிமூன்று வயதுப் பிள்ளையை அழவைக்க ஒரு கேள்விக்குறி போதும் என்பதைப் பெற்றோரும் தெரிந்துகொள்வது நல்லது.

ஆட்டத்துக்கு வெளியே, “அப்புறம் பிங் பண்ணு” என்றால் செய்தி அனுப்பு என்று பொருள். பிளாக்பெர்ரி மெசஞ்சரில் எதிரிலிருப்பவரைத் தட்டி எழுப்ப ‘பிங்’ என்றே ஒரு வசதி இருந்தது. மலேசியாவிலும் இந்தோனேசியாவிலும் 2010 வாக்கில் அது பெருவழக்கு. செயலி 2019-இல் மூடப்பட்டாலும் வினை அலுவலகப் பேச்சில் நிலைத்துவிட்டது.

பிங்கை ஒரு முழு மொழியாக வளர்த்த ஆட்டம் 2019 பிப்ரவரியில் வெளியான ஏபெக்ஸ் லெஜண்ட்ஸ். ஒரே பொத்தான்தான். துப்பாக்கியைப் பார்த்து அழுத்தினால் ‘இங்கே துப்பாக்கி இருக்கிறது’ என்றும், எதிரியைப் பார்த்து இருமுறை அழுத்தினால் ‘எதிரி’ என்றும், வெறும் நிலத்தைப் பார்த்து அழுத்தினால் ‘அங்கே போவோம்’ என்றும் அது தானே புரிந்துகொண்டு சொல்லும். மைக் இல்லாதவர்கள், பேசக் கூச்சப்படும் பெண்கள், காது கேளாதவர்கள், பேச இயலாதவர்கள் என்று பலரும் முன்பின் தெரியாதவர்களோடு சமமாக ஆட இது வழிசெய்தது. இதற்குக் காப்புரிமை வைத்திருந்த எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனம், மாற்றுத்திறனாளிகளுக்குப் பயன்படும் வேறு சில காப்புரிமைகளோடு இதையும் 2021 ஆகஸ்டில் பொதுப் பயன்பாட்டுக்குத் திறந்துவிட்டது. ஆட்டம் உருவாக்கும் எவரும் இப்போது கட்டணமில்லாமல் இதைத் தம் ஆட்டத்தில் சேர்த்துக்கொள்ளலாம்.