ஒரே இரவில் நூறு விளையாட்டா?

பாடசாலைத் தவணை முடிந்து விடுமுறை தொடங்கியதும், கணினி உள்ள வீடுகளிற் பிள்ளைகள் நாடும் முதற் காரியங்களுள் ஒன்று, தம் கணக்கிற் சேர்ந்துள்ள விளையாட்டுக்களை எல்லாம் ஒருமிக்கக் கணினியில் ஏற்றிவிடுவதாகும். புதிய கணினி வாங்கிய வீட்டிலும், வன்தட்டுப் பழுதுற்று மாற்றப்பட்ட வீட்டிலும் இதே ஆவல் எழும். ஒவ்வொன்றாகத் தேடி ஏற்றுவதற்குப் பொறுமை ஏது? பட்டியல் முழுவதையும் தெரிவு செய்து ஒரே முறையில் முடித்துவிடலாமே என்பர் மாணவர். முடிக்கலாம்; அதற்கு வழியும் உண்டு. ஆனால் அவ்வாறு செய்யும்போது கணினிக்குள் நிகழ்வன யாவை, வீட்டிலுள்ள மற்றையோர்க்கு அதனால் நேர்வது யாது என்பவற்றை அறிந்து செய்வோர் சிலரே. அவற்றை ஒழுங்காக எடுத்து நோக்குவது பெற்றோர்க்கும் மாணவர்க்கும் ஒருங்கே பயன்தரும்.

தட்டிலிருந்து நூலகத்துக்கு

1993 ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில் அமெரிக்காவின் ‘இட் சொஃப்ட்வெயர்’ நிறுவனம் ‘டூம்’ என்னும் விளையாட்டை வெளியிட்டபோது, இலவசமாகப் பரப்பப்பட்ட அதன் முதற் பகுதி சில நெகிழ்வட்டுக்களுக்குள் அடங்கிற்று. ஒரு நெகிழ்வட்டின் கொள்ளளவு 1.44 மெகாபைற்று மாத்திரமே. பின்னர் வந்த இறுவட்டு 650 முதல் 700 மெகாபைற்று வரை கொண்டது. அதன் பின் வந்த டீவீடி 4.7 கிகாபைற்றுக் கொண்டது. அந்நாட்களில் விளையாட்டு என்பது கையிற் பிடிக்கத்தக்க ஒரு பொருளாக இருந்தது. பத்து விளையாட்டுக்களை ஏற்ற விரும்புவோர் பத்து முறை தட்டு மாற்றிக் கணினியின் முன் காத்திருக்க வேண்டும்.

இந்நிலையை மாற்றியது 1996 இல் அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் தோன்றிய வால்வ் நிறுவனம். அது 2003 ஆம் ஆண்டு செப்டெம்பரில் ‘ஸ்டீம்’ என்னும் மென்பொருளை வெளியிட்டது. தன் சொந்த விளையாட்டுக்களுக்கான திருத்தங்களை இணையத்தின் வழியே கொண்டுசேர்ப்பதே அதன் முதல் நோக்கமாயிருந்தது. 2004 நவம்பரில் ‘ஹாஃப்-லைஃப் 2’ வெளிவந்தபோது, கடையில் இறுவட்டு வாங்கியவரும் ஸ்டீமிற் கணக்குத் திறந்தாலன்றி விளையாட இயலாது என்ற நிலை உண்டாயிற்று. பலர் முகஞ்சுளித்தனர். எனினும் 2005 முதல் பிற நிறுவனங்களின் விளையாட்டுக்களும் அங்கே விற்பனைக்கு வந்தன. 2008 இல் போலந்து நாட்டின் ‘சீடி புரொஜெக்ட்’ குழுமம் ‘ஜீஓஜீ’ என்னும் கடையைத் திறந்தது. 2018 டிசம்பரில் எபிக் நிறுவனம் தன் கடையைத் திறந்து, விளையாட்டுக்களை இலவசமாக வழங்கும் வழக்கத்தையும் மேற்கொண்டது.

விழாக்கால மலிவு விற்பனையும் இலவசமும் சேர, ஒருவர் கணக்கில் நூறு இருநூறு விளையாட்டுக்கள் இருப்பது இன்று வியப்பன்று. ‘நூலகம்’ என்றே அப்பட்டியலை அழைக்கின்றனர். விளையாட்டுக்கள் உண்மையில் இருப்பது தொலைவிலுள்ள சேவைக் கணினிகளில். நம் வீட்டில் இருப்பது பெயர்ப்பட்டியல் ஒன்றே. பட்டியலைப் பொருளாக்குவதே ஏற்றுதல்.

செய்யும் முறை

ஸ்டீமை எடுத்துக்காட்டாகக் கொள்வோம். நூலகப் பக்கத்தின் இடப்புறத்தில் விளையாட்டுக்களின் பெயர்கள் வரிசையாக நிற்கும். முதற் பெயரைச் சுட்டியால் தெரிவு செய்து, ‘ஷிப்ட்’ விசையை அழுத்தியவாறு இறுதிப் பெயரைத் தொட்டால் இடைப்பட்டவை யாவும் தெரிவாகும். அங்கொன்றும் இங்கொன்றுமாகப் பொறுக்குவதாயின் ‘கொன்ட்ரோல்’ விசையை அழுத்தியவாறு வேண்டிய பெயர்களை மட்டும் தொடுதல் வேண்டும். பின்னர் சுட்டியின் வலப்பொத்தானை அழுத்தினால், தெரிந்தெடுத்தவற்றை ஏற்றுவதற்கான கட்டளை தோன்றும். அதனை அழுத்தியதும், வேண்டிய இடம் எவ்வளவு, தட்டில் எஞ்சியுள்ள இடம் எவ்வளவு, எந்தத் தட்டில் ஏற்றுவது என்னும் விபரங்கள் காட்டப்படும். பலரும் வாசியாது கடந்துவிடுவது இவ்விடத்தையே. வாசித்து இசைந்தால் விளையாட்டுக்கள் வரிசையில் நின்றுவிடும்.

வரிசை என்பது இங்கே உண்மையான சொல். ஸ்டீம் அனைத்தையும் ஒரே வேளையில் இறக்குவதில்லை. ஒன்றை முடித்த பின்பே அடுத்ததைத் தொடுகின்றது. இது குறைபாடென எண்ணுவோர் பின்வரும் கணக்கைச் செய்து பார்க்கட்டும்.

ஒரு கணக்கு

இணைய வேகம் பிற்றுக்களில் விற்கப்படுகின்றது. விளையாட்டின் அளவோ பைற்றுக்களிற் கூறப்படுகின்றது. எட்டுப் பிற்றுக்கள் சேர்ந்தது ஒரு பைற்று. ஆகவே செக்கனுக்கு 20 மெகாபிற்று என விளம்பரப்படுத்தப்படும் இணைப்பு, செக்கனுக்கு 2.5 மெகாபைற்றையே தரும். அவ்வேகம் குறையாது கிடைப்பதாக வைத்துக்கொள்வோம். ஒவ்வொன்றும் 10 கிகாபைற்று அளவுடைய பத்து விளையாட்டுக்களை இறக்க வேண்டும். ஒன்றுக்கு 4,000 செக்கன், அதாவது 1 மணித்தியாலமும் சுமார் 7 நிமிடமும் செல்லும். பத்துக்கும் 11 மணித்தியாலத்துக்கு மேலாகும்.

இனி, பத்தையும் ஒரே வேளையிற் சமமாக இறக்கினால் என்னாகும்? மொத்த நேரம் குறையாது. குழாய் ஒன்றே அன்றோ? பத்துக் குடங்களும் சிறிது சிறிதாக நிரம்பி, பதினோராம் மணித்தியாலம் வரை ஒரு குடமும் நிறையாதிருக்கும். ஒன்றன்பின் ஒன்றாக இறக்கினாலோ, முதல் விளையாட்டு ஒரு மணித்தியாலம் கழிந்த சற்று நேரத்திற் கைக்கு வந்துவிடும். இறுதி விளையாட்டு முடியும் நேரமோ இரு முறையிலும் ஒன்றே. எனவே வரிசை முறையால் யாருக்கும் இழப்பில்லை. முன்னிற்பவர்க்கு இலாபம் உண்டு.

அவ்வரிசையில் எதனை முன்னிறுத்துவது என்பதும் சிந்திக்கத்தக்கது. ‘ஸ்டாடியூ வலி’ என்னும் கமத்தொழில் விளையாட்டு, 2016 இல் எரிக் பரோன் என்பார் தனியொருவராய் ஆக்கி வெளியிட்டது. அதற்கு வேண்டிய இடம் 500 மெகாபைற்று. 2023 இல் வெளிவந்த ‘போல்டர்ஸ் கேற் 3’ கேட்பதோ 150 கிகாபைற்று. முற்கூறிய வேகத்தில் முன்னதற்கு 3 நிமிடம் 20 செக்கனும், பின்னதற்கு 16 மணித்தியாலம் 40 நிமிடமும் செல்லும். பெரியதை முன்னிறுத்தினால் சிறியது ஏறக்குறைய ஒரு நாட்பொழுது காத்திருக்கும். சிறியதை முன்னிறுத்தினாற் பெரியதற்கு நேரும் தாமதம் மூன்றரை நிமிடமும் இல்லை. கோப்புக்கள் சுருக்கி அனுப்பப்படுவதால் உண்மையில் இறங்கும் அளவு சற்றுக் குறையலாம். ஆயினும் நியாயம் மாறாது. இறக்கப் பக்கத்தில் வரிசையை நாமே மாற்றியமைக்கலாம்.

தட்டும் அதன் எல்லையும்

ஒரு தெராபைற்று வன்தட்டு வாங்கியவர், விண்டோஸ் அதனை 931 கிகாபைற்று எனக் காட்டுவதைக் கண்டு கடைக்காரரைச் சந்தேகிப்பதுண்டு. அதில் மோசடி எதுவுமில்லை. தட்டுச் செய்வோர் ஆயிரத்தின் மடங்காகவும், விண்டோஸ் 1,024 இன் மடங்காகவும் எண்ணுவதால் வரும் வேறுபாடே அது. அவ்விடத்திலும் கணினியின் சொந்தத் தேவைக்கும், பாடக் கோப்புக்களுக்கும், குடும்பப் படங்களுக்கும் பங்கு ஒதுக்க வேண்டும். தட்டை விளிம்பு வரை நிரப்புதல் ஆகாது. விளையாட்டொன்றுக்குத் திருத்தம் வரும்போது அதனைத் தற்காலிகமாக வைப்பதற்கும் வெற்றிடம் வேண்டியிருக்கும்.

இன்னொரு சங்கதி. இறக்கம் நடைபெறுகையில் இணைய வேகம் திடீரெனப் பூச்சியமாக வீழ்வதைக் கண்டு, இணைப்புத் துண்டிக்கப்பட்டதென மாணவர் பதறுவர். பெரும்பாலும் அது இணைப்பின் குற்றமன்று. சுருக்கி வந்த துண்டுகளை விரித்துத் தட்டில் எழுதும் வேலையிற் கணினி ஈடுபட்டிருக்கும். சுழலும் பழைய வன்தட்டு இவ்வேலையில் மந்தமானது. திண்மநிலைத் தட்டு விரைவானது. வேகமான இணைப்பு எடுத்தும் இறக்கம் மந்தமாயின், இணைய நிறுவனத்தைக் குறைகூறுமுன் தட்டைச் சோதித்தல் நன்று.

அக்காவின் வகுப்பு

இனி, கணினிக்கு வெளியே நிகழ்வதைக் காண்போம். ஒரு வீட்டில் இணைப்பு ஒன்று; உபயோகிப்போர் நால்வர். தம்பி முப்பது விளையாட்டுக்களை வரிசையில் நிறுத்திவிட்டு விளையாடப் போய்விடுகின்றான். அடுத்த அறையில், க.பொ.த. உயர்தரப் பரீட்சைக்கு ஆயத்தமாகும் அக்கா, இணையவழி வகுப்பில் ஆசிரியரின் குரல் அறுந்தறுந்து வருவதைக் கேட்டுக் கலங்குகின்றாள். தம்பி யாதொரு தீங்கும் நினைத்தவனல்லன். ஆயினும் ஸ்டீம் தனக்குக் கிடைக்கும் வழி முழுவதையும் எடுத்துக்கொள்ளும் இயல்புடையது. எல்லை வகுக்காதவிடத்து அது தானாக ஒதுங்குவதில்லை. மாதாந்த அளவு கட்டுப்பட்ட இணைப்பாயின் இடர் இன்னும் பெரிது. ‘போல்டர்ஸ் கேற் 3’ ஒன்றே ஒரு சிறிய குடும்பத்தின் மாதப் பங்கை விழுங்கிவிடக் கூடும். மாதத்தின் எஞ்சிய நாட்களில் வீட்டார் யாவரும் அதன் பலனை அனுபவிப்பர்.

இதற்குப் பரிகாரம் எளிது. அமைப்புப் பகுதியில் இறக்க வேகத்துக்கு உச்ச எல்லை ஒன்றை விதிக்கலாம். இணைப்பின் பாதி அளவை விதித்தால் வகுப்பும் நடக்கும், இறக்கமும் நடக்கும். வீட்டார் உறங்கும் வேளையில் தொடங்கிக் காலையில் இடைநிறுத்தலாம். இறங்கிய பகுதி வீணாவதில்லை, மறுநாள் விட்ட இடத்திலிருந்து தொடரும். இரவு நேரத்துக்கெனத் தனிப் பங்கு ஒதுக்கும் இணைப்புத் திட்டம் உடையோர்க்கு இம்முறை மிகப் பொருந்தும்.

ஒரு வீட்டில் இரண்டு கணினிகள் இருப்பின், ஒரே விளையாட்டை இரு முறை இணையத்திலிருந்து இறக்குவது வீண்செலவு. 2023 முதல், வீட்டு வலையமைப்பிலுள்ள ஒரு கணினியிலிருந்து மற்றொன்றுக்கு நேரே கோப்புக்களைப் பெறும் வசதியை ஸ்டீம் தருகின்றது. வெளித்தட்டொன்றிற் பிரதி எடுத்து வைப்பதும் சாலச் சிறந்தது. கணினி மாற்றும் காலத்தில் நூற்றுக்கணக்கான கிகாபைற்றுக்களை மிச்சப்படுத்தும். ஆனால் ‘ஃபற் 32’ முறையில் அமைந்த வெளித்தட்டு 4 கிகாபைற்றுக்கு மேற்பட்ட தனிக்கோப்பை ஏற்காது என்பதை நினைவிற் கொள்க.

ஏற்றிய பின்பும் செலவு

ஏற்றிவிட்டால் முடிந்தது என்று எண்ணற்க. ஏற்றிய ஒவ்வொரு விளையாட்டுக்கும் ஆக்கியோர் காலத்துக்குக் காலம் திருத்தங்களை அனுப்புவர். நூறு விளையாட்டு ஏற்றியவன், அவற்றுள் ஐந்தையே விளையாடினாலும் நூற்றுக்கும் திருத்தம் இறக்குவான். தொடாத விளையாட்டும் மாதந்தோறும் தன் கூலியைப் பெற்றுக்கொள்கின்றது. விளையாட்டைத் திறக்கும்போது மட்டும் திருத்தம் இறங்குமாறு தனித்தனியே அமைக்கலாம். அதனினும் நல்லது, விளையாடாததை நீக்கிவிடுதல். நீக்கினால் தட்டிலிருந்துதான் மறையும். நூலகத்திற் பெயர் இருக்கும், வேண்டும்போது மீண்டும் இறக்கலாம்.

நமதா, இரவலா?

‘வேண்டும்போது’ என்ற சொல்லை ஆராயாது விடலாகாது. நாம் விலைகொடுத்துப் பெறுவது விளையாட்டையன்று, விளையாடுவதற்கான உரிமத்தையே என ஸ்டீமின் உடன்படிக்கை கூறுகின்றது. யூபிசொஃப்ட் நிறுவனம் 2014 இல் வெளியிட்ட ‘த குரூ’ என்னும் காரோட்ட விளையாட்டு, சேவைக் கணினிகள் 2024 மார்ச் 31 ஆம் திகதி நிறுத்தப்பட்டதும் விலைகொடுத்தோர்க்கும் பயன்படாது போயிற்று. கலிபோர்னியா மாநிலம் இயற்றிய சட்டமொன்று 2025 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்தது. விற்கப்படுவது உரிமமே என்பதை வாங்குவோர்க்குத் தெளிவாக அறிவிக்க வேண்டும் என அது விதிக்கின்றது. ஜீஓஜீ கடையோ, இணையமின்றியும் ஏற்றத்தக்க கோப்புக்களை வாங்குவோர் இறக்கி வைத்துக்கொள்ள விடுகின்றது. அரிய விளையாட்டுக்களைப் பேண விரும்புவோர்க்கு அது உகந்த வழி.

2024 முதல் நடைமுறையிலுள்ள ஸ்டீம் குடும்ப ஏற்பாட்டின்படி, ஒரே வீட்டிலுள்ள ஆறு பேர் வரை தம் நூலகங்களைப் பகிர்ந்துகொள்ளலாம். ஒரு பிரதியை ஒரே வேளையில் ஒருவரே விளையாடலாம். பிள்ளை எந்த விளையாட்டை, எவ்வளவு நேரம் விளையாடலாம் என்பதைப் பெற்றோர் வரையறுக்கவும் அதில் இடமுண்டு. பெற்றோர் அறிந்து பயன்படுத்த வேண்டிய வசதி இது.

தெரிவே திறமை

பல விளையாட்டுக்களை ஒருங்கே ஏற்றுதல் குற்றமன்று. மடிக்கணினியை எடுத்துக்கொண்டு இணையம் இல்லாத ஊருக்குப் போகின்றவர்க்கு அது தேவையுமாகும். அன்னோர் புறப்படுமுன் ஒவ்வொன்றையும் ஒருமுறை திறந்து பார்த்துக்கொள்ளுதல் வேண்டும், ஏனெனில் சில உறுப்புக்கள் முதன்முறை திறக்கும்போதே அமைகின்றன. ஆனால் வீட்டிலிருக்கும் மாணவனுக்கு நூறு விளையாட்டு வேண்டியதில்லை. நூறு பெயர்களின் முன் அமர்ந்தவன் எதனைத் திறப்பது என்று தடுமாறி, ஒன்றிற் பத்து நிமிடமும் இன்னொன்றிற் பத்து நிமிடமுமாகப் பொழுதைக் கழித்து, எதனையும் முடிக்காமல் எழுந்துவிடுகின்றான். நூலகத்துக்குச் சென்றவன் அலுமாரியோடு வீடு திரும்புவதில்லை. வாசிக்கக்கூடிய இரண்டொரு புத்தகங்களையே எடுத்து வருகின்றான்.

ஆகவே மாணவர்காள், விடுமுறைக்கு மூன்று அல்லது நான்கு விளையாட்டுக்களைத் தெரிந்து கொள்ளுங்கள். அவற்றின் அளவைக் கூட்டி, இணைப்பின் வேகத்தால் வகுத்து, எத்தனை மணித்தியாலம் செல்லுமெனத் தாளில் எழுதுங்கள். அன்றைய தினம் வீட்டில் யாருக்கு வகுப்பு, யாருக்கு அலுவல் என்று கேட்டறியுங்கள். அதன் பின்பு கட்டளையை அழுத்துங்கள். இணைப்பு வீட்டார் யாவர்க்கும் பொதுவானது. அதில் நமக்குரிய பங்கை மட்டும் எடுத்துக்கொள்பவனே நல்ல விளையாட்டு வீரன்.