செவ்வாய்ப் பஞ்சாங்கத்தின் வரவு செலவு

இரண்டு நிலவுகள் உள்ள உலகத்துக்கு நாட்காட்டி எழுதுவது கற்பனைக் கதைக்காரர்களுக்குப் பிடித்த வேலை. ஒரு நிலவு மாதத்துக்கு, மற்றது வாரத்துக்கு, இரண்டும் ஒரே இரவில் முழுநிலவானால் திருவிழா என்று பிரித்துக்கொடுத்துவிடலாம். இரண்டு நிலவுகள் உள்ள உலகம் நிஜத்திலேயே ஒன்று இருக்கிறது: செவ்வாய். அங்கே கணக்கைப் போட்டுப் பார்த்தால், நாட்காட்டிக்கு அந்த நிலவுகளால் எந்த வரவும் இல்லை. சூரியன் ஒன்றுதான் வரவு.

முதலில் கையிருப்பு. செவ்வாயின் ஒரு பகலும் இரவும் சேர்ந்து 24 மணி 39 நிமிடம் 35 விநாடி. விஞ்ஞானிகள் இதை ‘சோல்’ என்கிறார்கள். வடக்கு வசந்தத்தின் சம இரவு நாளிலிருந்து அடுத்ததுவரை 668.5907 சோல், நம் நாள்கணக்கில் ஏறக்குறைய 687. பூமியின் ஆண்டில் மீதி விழுவது கால் நாளுக்கும் குறைவு. செவ்வாயில் அரை சோலுக்கு மேல். சிக்கல் இந்த மீதியில்தான் தொடங்குகிறது.

இனி நிலவுகள். 1877 ஆகஸ்ட் 12இல் டெய்மோஸையும் 18இல் ஃபோபோஸையும் வாஷிங்டன் கடற்படை வானாய்வகத்தில் அசாஃப் ஹால் கண்டார். அதற்கு 151 ஆண்டு முன்பே, 1726இல், ஜொனாதன் ஸ்விஃப்ட் தன் கலிவர் கதையில் செவ்வாய்க்கு இரண்டு நிலவுகளைக் கொடுத்திருந்தார்; ஒன்று 10 மணி நேரத்திலும் மற்றது 21½ மணி நேரத்திலும் சுற்றுவதாக எழுதினார். உண்மையில் ஃபோபோஸ் சுற்ற 7 மணி 39 நிமிடம், டெய்மோஸுக்கு 30 மணி 18 நிமிடம். அமாவாசைக்கு அமாவாசை எண்ணினால் ஒரு செவ்வாய் ஆண்டில் ஃபோபோஸுக்கு சுமார் 2,153 மாதம், டெய்மோஸுக்கு சுமார் 543. ஒரு சோலுக்குள் மூன்று மாதம் பிறந்து முடியும் கணக்கை யாரும் சுவரில் மாட்ட முடியாது.

ஃபோபோஸ், செவ்வாயின் சுழற்சியைவிட வேகமாகச் சுற்றுவதால் மேற்கில் உதித்துக் கிழக்கில் மறைகிறது. 11 மணி 6 நிமிடத்துக்கு ஒருமுறை உதயம். டெய்மோஸ் ஒருமுறை எழுந்தால் மறைய சுமார் 60 மணி நேரம். அடுத்த உதயம் 131 மணி கழித்து. வானத்தில் அது நிற்கும் அந்த ஒரே முறையில் வளர்பிறை, தேய்பிறை எல்லாம் இரண்டு தடவை நடந்துவிடும். அதன் குறுக்களவு ஏறக்குறைய 12 கிலோமீட்டர்தான் என்பதால், பிறையின் வடிவம் வெறும் கண்ணுக்குத் தெரியாது. பிரகாசமான விண்மீன் போலிருக்கும். துருவப் பக்கம், 70 பாகைக்கு மேல் போனால் ஃபோபோஸும் 83 பாகைக்கு மேல் டெய்மோஸும் அடிவானத்துக்குக் கீழேயே தங்கிவிடும்.

நிலவுகளைக் கழித்துவிட்டு எழுதப்பட்ட நாட்காட்டிகளில் பெயர்பெற்றது தாமஸ் கங்கேல் 1985இல் அமைத்தது. மகன் டேரியஸின் பெயரால் அது டேரியன் நாட்காட்டி. 24 மாதம், 20 மாதத்துக்கு 28 சோல், ஒவ்வோர் ஆறாம் மாதத்துக்கும் 27. 560உம் 108உம் கூட்டினால் 668. மாதப்பெயர்களைப் படிக்கும் தமிழருக்கு ஒரு நெருக்கம் உண்டு: ராசிகளின் லத்தீன் பெயரும் சமஸ்கிருதப் பெயரும் மாறி மாறி வருகின்றன. சஜிட்டேரியஸ், தனுசு, கேப்ரிகார்னஸ், மகரம், அக்வேரியஸ், கும்பம் என்று போகிறது வரிசை.

மீதி 0.5907 சோலை எப்படி அடைப்பது? ஒற்றைப்படை ஆண்டுகளுக்கெல்லாம் ஒரு சோல் கூட்டினால் பத்தாண்டில் ஐந்துதான் சேரும், வேண்டியதோ 5.9. பத்தால் வகுபடும் ஆண்டுக்கும் ஒன்று கூட்டினால் ஆறு, சராசரி 668.6. இப்போது 0.0093 அதிகம், 107 செவ்வாய் ஆண்டுக்கு ஒரு சோல் கூடுதலாகிவிடும். ஆகவே நூறால் வகுபடும் ஆண்டுகளில் கழித்து, ஆயிரமாவது ஆண்டில் திருப்பித் தரவேண்டும். ஆயிரம் ஆண்டில் 500, 100 கூட்டி, 10 கழித்து, 1 கூட்டினால் 591, சராசரி 668.591. பாக்கி 0.3 சோல். நம் கிரிகோரியன் நாட்காட்டியில் 400 ஆண்டுக்கு 97 லீப் ஆண்டுகள். செவ்வாயிலோ சாதா ஆண்டைவிட லீப் ஆண்டே அதிகம்.

இந்த ஒழுங்குக்குக் கொடுக்கும் விலை எனக்குச் சம்மதமில்லை. எல்லா மாதமும் வாரத்தின் முதல் சோலில் பிறக்க வேண்டும் என்பதற்காக 27 சோல் மாதத்தின் கடைசி வாரம் ஆறு சோலாக வெட்டப்படுகிறது. சாதா ஆண்டில் நான்கு வாரம் இப்படிக் குறைபடும். வெள்ளியோ சனியோ ஞாயிறோ ஏழுக்கு ஒருமுறை தவறாமல் தொழுகிறவர்கள் இதை எப்படி ஏற்பார்கள்? இன்னொரு குறை, பருவம். செவ்வாயின் பாதை பூமியின் பாதையைவிட அதிகம் நீள்வட்டமானது. சூரியனிடமிருந்து 20.7 கோடி கிலோமீட்டரில் நெருங்கும்போது விநாடிக்கு 26.5 கிலோமீட்டர் வேகம், 24.9 கோடியில் விலகும்போது 22. அதனால் வடக்கில் வசந்தம் 193.3 சோல், கோடை 178.6, இலையுதிர் 142.7, குளிர் 154. டேரியன் நாட்காட்டியின் கால் ஆண்டோ 167 சோல். வசந்தம் அதைத் தாண்டி ஏழாம் மாதம் முடியும்வரை நீள்கிறது.

நாட்களை எண்ணாமல் பாகையை எண்ணலாம். சூரியன் 30 பாகை நகர்ந்தால் ஒரு மாதம். தமிழ்ச் சூரிய மாதமும் இந்த முறையில்தான் பிறக்கிறது. அதனால்தான் ஆனி 32 நாள்வரை நீள்கிறது, மார்கழி 29க்கும் சுருங்குகிறது. நாம் நட்சத்திரத்தை வைத்து அளக்கிறோம், செவ்வாய் விஞ்ஞானிகள் சம இரவுப் புள்ளியை வைத்து அளக்கிறார்கள் என்பதே வித்தியாசம். அவர்கள் 1955 ஏப்ரல் 11இல் தொடங்கிய ஆண்டை ஒன்று என்று வைத்திருக்கிறார்கள். 38ஆம் ஆண்டு 2024 நவம்பர் 12இல் பிறந்தது. இந்தக் கணக்கில் மாதங்கள் முறையே 61.2, 65.4, 66.7, 64.5, 59.7, 54.4, 49.7, 46.9, 46.1, 47.4, 50.9, 55.7 சோல். பெரிய புழுதிப்புயல்கள் பெரும்பாலும் பின்பாதி ஆறு மாதத்தில் வருகின்றன. 90 சோலுக்கென்று அனுப்பி 5,111 சோல்வரை பேசிய ஆப்பர்ச்சூனிட்டி ஊர்தியை 2018 ஜூனில் வாயடைக்கச் செய்த புயலும் ஏழாம் மாதத்தில் எழுந்ததே. மாத எண்ணைப் பார்த்தாலே புயலுக்குத் தயாராகலாம் என்பதால் நான் இந்தப் பக்கம்.

இதற்கும் செலவு உண்டு. மிகச் சிறிய மாதம் 46 சோல், மிகப் பெரியது 67. மாதச் சம்பளம் ஒரே தொகை என்றால் மூன்றாம் மாதத்தில் உழைப்பவர் ஒன்பதாம் மாதக்காரரைவிட 21 சோல் கூடுதலாக வேலை செய்து அதே பணத்தை வாங்குவார். கிட்டத்தட்ட 45 விழுக்காடு கூடுதல் உழைப்பு. வீட்டு வாடகையில் இதே கணக்கு குடியிருப்பவருக்குச் சாதகமாகத் திரும்பும். ஆகவே கூலி, வாடகை, வட்டி மூன்றையும் சோலுக்கு இவ்வளவு என்று பேசிக்கொண்டு, மாதத்தை விதைப்புக்கும் புயலுக்கும் விழாவுக்கும் விட்டுவிட வேண்டும். வாரம் ஏழு சோலாக, மாதத்தோடு முடிச்சுப் போடாமல், தன்பாட்டுக்கு ஓடட்டும்.