வாவிக்கு மேலே ஓர் ஆசனம்: அதன் விலை எப்படிப் பிறக்கிறது தெரியுமா?

மட்டக்களப்பிலிருந்து கட்டுநாயக்கவுக்கு வானத்தில் நேர்கோடு இழுத்தால் எவ்வளவு தூரம் தெரியுமா? ஏறக்குறைய 200 கிலோமீற்றர்தான்! தரைவழியே போனால் ஏறக்குறைய 300 ஆகிவிடும். பஸ்ஸிலோ புகையிரதத்திலோ ஓர் இரவையே விழுங்கிவிடும் அந்தப் பயணத்தைச் சின்ன விமானம் ஒரு மணித்தியாலத்துக்குள் முடித்துவிடும்.

இப்போது இதைக் கேளுங்கள். கொழும்பிலிருந்து சென்னை 650 கிலோமீற்றருக்கும் அதிகம். மூன்று மடங்கு தூரம், நடுவில் கடல், குடிவரவு, சுங்கம் எல்லாம் உண்டு. அப்படியிருந்தும் சென்னைக்கான டிக்கெட், மட்டக்களப்புக்கான டிக்கெட்டைவிட மலிவாகக் கிடைக்கும் நாட்கள் ஏராளம்! தூரம் குறைந்தால் காசும் குறைய வேண்டாமா? பஸ்ஸில் அப்படித்தானே? விமானத்தில் அப்படி இல்லவே இல்லை. அந்தக் காரணங்கள் ஒவ்வொன்றும் ஒரு வியப்பு!

முதலில் ஆட்களை எண்ணுங்கள். 2013-இல் பறக்கத் தொடங்கிய சினமன் எயார் தன் பயண வரைபடத்தில் மட்டக்களப்பையும் சேர்த்துக்கொண்டது. அது பயன்படுத்தும் செஸ்னா கரவான் விமானத்தில் பயணிகள் எட்டுப் பேர்தான்! ஆனால் முன்னால் விமானிகள் எத்தனை பேர்? இருவர். சென்னைக்குப் பறக்கும் எயார்பஸ் ஏ320-இல் 150 முதல் 180 பேர் இருப்பார்கள். அதை ஓட்டுவதும் அதே இருவர்தான்! பெரிய விமானத்தில் ஒரு விமானியின் சம்பளத்தை 90 பேர் வரை பகிர்ந்துகொள்கிறார்கள். சின்ன விமானத்தில் அதை நான்கு பேர் சுமக்கிறார்கள். ஏ320-இல் ஓர் ஆசனம் காலியாகப் போனால் வருமானத்தில் ஒரு வீதம்கூட ஆட்டம் காணாது. எட்டுப் பேர் விமானத்தில் ஒருவர் வராவிட்டால் எட்டில் ஒரு பங்கு போய்விட்டது! கிழக்கின் விமானக் கட்டணத்தை உயர்த்தி வைத்திருப்பது தூரம் அல்ல, பங்குபோட ஆள் இல்லாததுதான்.

நீரில் இறங்கும் விமானம் என்றால் கதை இன்னும் சுவையானது. சக்கரத்தோடு மிதவைகளையும் பொருத்திய கரவான் தரையிலும் இறங்கும், தண்ணீரிலும் இறங்கும். மிதவை சும்மா வருவதில்லை. அதற்கு எடை உண்டு, காற்றை எதிர்க்கும் பருமன் உண்டு. அந்த எடையை ஈடுகட்ட ஆளையோ பொதியையோ எரிபொருளையோ குறைத்தாக வேண்டும். உவர்நீரைத் தொட்டுவிட்டால் உலோகத்தை உப்பு அரிக்கத் தொடங்கும். ஆகவே விமானத்தையும் என்ஜினையும் நன்னீரால் கழுவ வேண்டும், அரிப்பைத் தேடித் தேடிப் பார்க்க வேண்டும். கடலோடு முகத்துவாரம் வழியே உறவாடும் நம் வாவியின் அழகு, விமானப் பொறியியலாளருக்கு ஒரு செலவுக் கணக்கு!

சின்ன விமானத்தில் ஏறுமுன் உங்களையே தராசில் நிறுத்துவார்கள், தெரியுமா? வெட்கப்பட ஒன்றுமில்லை. மிதவை பூட்டிய கரவான் எல்லாம் ஏற்றிய பிறகும் சுமார் 3,600 கிலோதான் இருக்கலாம். அதில் பத்துக் கிலோவும் பெரிய விடயம். சமோவா தீவுகளின் சமோவா எயார் 2013-இல் ஒரு படி மேலே போய், டிக்கெட் விலையையே பயணியின் எடைக்கு ஏற்ப வசூலித்தது!

பெரிய கம்பனிகள் கிராம் கணக்கில் யோசிக்கின்றன. 1980-களில் அமெரிக்கன் எயார்லைன்ஸின் தலைவர் ரொபர்ட் கிராண்டல், உணவுத்தட்டின் சலாட்டிலிருந்து ஒரே ஒரு ஒலிவ் காயை நீக்கச் சொன்னார். அதனால் ஆண்டுக்கு 40,000 டொலர் மிச்சமானது என்பது விமானத்துறை இன்றும் சொல்லி மகிழும் கதை. 2018-இல் யுனைடெட் எயார்லைன்ஸ் தன் விமானச் சஞ்சிகையை இன்னும் மெல்லிய தாளில் அச்சிட்டது. ஒரு பிரதிக்குக் குறைந்த எடை ஒரு அவுன்ஸ், 28 கிராம்! அதனால் ஆண்டுக்கு மிஞ்சும் எரிபொருள் 1,70,000 கலன் என்றும், காசாக 2,90,000 டொலர் என்றும் கணக்குக் காட்டினார்கள்.

எடைக்கும் ஆசனத்துக்கும் இடையிலான இந்தப் போட்டியின் உச்சம் இலங்கையின் நீர்நிலை ஒன்றிலேயே நடந்தது! 1942 ஏப்ரல் 9-ஆம் திகதி மட்டக்களப்புக் கடலில் எச்.எம்.எஸ். ஹேர்மீஸ் என்ற விமானந்தாங்கிக் கப்பலை ஜப்பானிய விமானங்கள் மூழ்கடித்த அதே போர்க்காலம் அது. சிங்கப்பூர் விழுந்துவிட்டதால் அவுஸ்திரேலியாவுக்கும் பிரித்தானியாவுக்குமான வான்வழி அறுந்துபோனது. 1943 முதல் 1945 வரை குவாண்டாஸ் நிறுவனத்தின் கற்றலீனா நீர்விமானங்கள் பேர்த்திலிருந்து எழுந்து, காலிக்கு அருகே கொக்கல வாவியில் வந்து இறங்கின. 5,600 கிலோமீற்றருக்கு மேல், இடையில் எங்கும் நிற்காமல்! 27 முதல் 33 மணித்தியாலம் வானில். ஒரே பயணத்தில் பயணிகள் இரண்டு சூரிய உதயங்களைப் பார்த்தார்கள். அவ்வளவு பெரிய விமானத்தில் எத்தனை பேரை ஏற்றினார்கள் தெரியுமா? அதிகபட்சம் மூன்றே பேர், கூடவே 69 கிலோ கடிதங்கள்! மிச்சமெல்லாம் எரிபொருளே. அந்த ஆசனங்களுக்கு இன்றைய முறையில் விலை போட்டால் யாரால் வாங்க முடியும்?

சரி, தூரமும் எடையும் ஒருபுறம் இருக்கட்டும். ஒரே விமானம், ஒரே நாள், ஒரே வரிசை. பக்கத்தில் இருப்பவர் நீங்கள் கொடுத்ததில் பாதிதான் கொடுத்திருக்கிறார். இது எப்படி? என்னைக் கேட்டால், விமானத்துறையின் மிகப் பெரிய அதிசயம் என்ஜின் அல்ல, இந்தக் கணக்குத்தான்!

வாவிக்கரைச் சந்தையில் பொழுது சாயச் சாய மீன் விலை இறங்கும். இரவானால் மீன் கெட்டுவிடும் அல்லவா? ஆசனமும் அப்படிக் கெட்டுப்போகும் சரக்குத்தான். கதவு மூடியதும் காலி ஆசனத்தின் மதிப்பு பூச்சியம். ஆனால் அதன் விலை கடைசி நேரத்தில் இறங்காமல் ஏறுகிறது! ஏனென்றால் கடைசி நேரத்தில் டிக்கெட் தேடி வருபவர் பெரும்பாலும் போயே ஆக வேண்டியவர். மரண வீடு, நேர்முகத் தேர்வு, வியாபாரக் கூட்டம். அவருக்குத் தள்ளிப்போட வழியில்லை.

இதைக் கணிதமாக்கியவர் கென் லிட்டில்வுட். பிரித்தானியாவின் பி.ஓ.ஏ.சி. விமான நிறுவனத்தில் இருந்தபோது 1972-இல் அவர் சொன்ன விதி இவ்வளவுதான்: இன்று மலிவு விலைக்குக் கேட்பவருக்கு ஆசனத்தைக் கொடுக்கலாமா, நாளை முழு விலைக்கு வரக்கூடியவருக்காக வைத்திருக்கலாமா என்று ஒவ்வொரு ஆசனத்துக்கும் தனித்தனியாகக் கேள். உதாரணத்துக்கு, மலிவு டிக்கெட் 30,000 ரூபா, கடைசி நேர டிக்கெட் 75,000 ரூபா என்று வைத்துக்கொள்வோம். 30-ஐ 75-ஆல் வகுத்தால் 0.4. அந்த 75,000 ரூபாக்காரர் வருவதற்கான வாய்ப்பு நூற்றுக்கு 40-க்கு மேல் என்றால் ஆசனத்தைப் பூட்டி வை. குறைவு என்றால் இன்றே விற்றுவிடு! ஒரு வகுத்தல் கணக்கு உலகின் எல்லா விமானக் கட்டணங்களுக்கும் அடித்தளமாகிவிட்டது.

அந்தக் கணக்கு ஒரு கம்பனியையே சாய்த்திருக்கிறது! 1980-களில் பீப்பிள் எக்ஸ்பிரஸ் என்ற அமெரிக்க மலிவுக் கட்டண விமானக் கம்பனி பெரிய கம்பனிகளை நடுங்க வைத்தது. 1985 ஜனவரியில் அமெரிக்கன் எயார்லைன்ஸ் பதிலடி கொடுத்தது. காலியாகப் போகக்கூடிய ஆசனங்களை மட்டும் கணினியால் கண்டுபிடித்து, முன்கூட்டியே வாங்குவோருக்கு அதே அடிமட்ட விலையில் விற்றது. மற்ற ஆசனங்களின் விலையைத் தொடவே இல்லை. பீப்பிள் எக்ஸ்பிரஸிடம் அப்படிப்பட்ட கணினி இல்லை. 1987-இல் அது கொன்டினென்டல் நிறுவனத்தோடு கலந்து மறைந்துபோனது.

இன்று ஒரு விமானத்தின் சாதாரண வகுப்பே பத்துப் பன்னிரண்டு விலைப் படிகளாகப் பிரிந்திருக்கும். ஒவ்வொரு படிக்கும் ஓர் ஆங்கில எழுத்து. கீழ்ப்படியில் ஆசனம் தீர்ந்தால் விலை அடுத்த படிக்குத் தாவும். இதில் நமக்கு உதவும் ஓர் இரகசியம் உண்டு. குடும்பத்தில் நான்கு பேருக்குச் சேர்த்துத் தேடுகிறீர்கள். கீழ்ப்படியில் மிச்சம் மூன்று ஆசனங்கள்தான். அப்போது பல இணையத்தளங்கள் மூன்றை மலிவாகவும் ஒன்றைக் கூடுதலாகவும் காட்டாமல், நான்கையுமே மேல்படி விலையில் காட்டிவிடும்! எனவே ஒருவருக்கு மட்டும் தேடிப் பாருங்கள், பிறகு இருவருக்கு. வித்தியாசம் தெரிந்தால் பிரித்து வாங்குங்கள். சின்னப் பிள்ளைகள் கூட வருகிறார்கள் என்றால் மட்டும் ஒரே பதிவில் இருப்பதே நல்லது.

ஆடி மாதத்தை நினைத்துப் பாருங்கள்! மட்டக்களப்பு மாமாங்கேஸ்வரர் கோயிலின் ஆடி அமாவாசைத் தீர்த்தம் வரும் காலமும், இலண்டனிலும் ரொறன்ரோவிலும் சூரிச்சிலும் பள்ளிக்கூடம் பூட்டும் காலமும் ஏறக்குறைய ஒன்று. ஊருக்கு வர எல்லோரும் ஒரே கிழமைகளைத்தான் தேடுகிறார்கள். கீழ்ப்படிகள் மாதக்கணக்கில் முன்பே காலி! தீர்த்தத் திகதி பஞ்சாங்கத்தில் முன்கூட்டியே தெரியும் என்பது நமக்குக் கிடைத்த வரம். டிக்கெட்டையும் அப்போதே பார்த்துவிடுங்கள்.

அடுத்தது எரிபொருள். உலக விமானக் கம்பனிகளின் செலவில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு அதற்கே போகிறது. 2022-இல் இலங்கையில் டொலர் இல்லை, விமான எரிபொருளும் இல்லை. அப்போது கொழும்பிலிருந்து கிளம்பிய விமானங்கள் என்ன செய்தன தெரியுமா? சென்னையிலும் திருவனந்தபுரத்திலும் கொச்சியிலும் இறங்கித் தாகம் தீர்த்துக்கொண்டு தொலைதூரம் பறந்தன! திருவனந்தபுரம், கொச்சி ஆகிய இரண்டு நிலையங்களும் அந்தக் கோடையில் நூற்றுக்கு மேற்பட்ட விமானங்களுக்கு எரிபொருள் ஊற்றின. வேறு விமானங்கள் வெளியூரிலிருந்து வரும்போதே திரும்பிப் போவதற்கும் சேர்த்து நிரப்பிக்கொண்டு வந்தன. இதிலும் ஒரு விந்தை உண்டு: எரிபொருளைச் சுமக்கவே எரிபொருள் எரியும்! மேலதிகமாக ஏற்றியதில் மணிக்கு மூன்று நான்கு வீதம் அதைத் தூக்கிப் பறப்பதற்கே தீர்ந்துவிடும். ஒவ்வொரு மேலதிக இறக்கத்துக்கும் தரையிறங்கு கட்டணம் வேறு.

அந்த ஆண்டுத் தொடக்கத்தில் 200 ரூபாவாக இருந்த டொலர் சில மாதங்களில் 360-ஐத் தொட்டது. எரிபொருள், உதிரிப்பாகம், விமான வாடகை எல்லாம் டொலரில்தான். சம்பளம் ரூபாவில் வாங்கும் மட்டக்களப்பு ஆசிரியருக்கு அதே ஆசனம், ஒரு அங்குலம்கூட நகராமல், ஏறத்தாழ இரு மடங்கு தூரம் விலகிப்போனது.

இவ்வளவு காசு வாங்கும் கம்பனிகள் கொழுத்த இலாபம் பார்க்கின்றன என்று நினைக்கிறீர்களா? சர்வதேச விமானப் போக்குவரத்துச் சங்கமான அயாட்டா, 2024 ஜூனில் வெளியிட்ட கணிப்பின்படி ஒரு பயணிக்கு நிகர இலாபம் 6.14 டொலர்! பல நாடுகளில் அது ஒரு கோப்பை கோப்பியின் விலை. நான்கைந்து இலட்சம் ரூபாவுக்கு டிக்கெட் விற்றாலும் கடைசியில் கையில் ஒட்டுவது சராசரியாக அவ்வளவுதான்.

அப்படியானால் மட்டக்களப்புக்கு மலிவு ஆசனம் கனவுதானா? இல்லை! பக்கத்து நாட்டில் செய்து காட்டியிருக்கிறார்கள். கேப்டன் கோபிநாத் 2003-இல் தொடங்கிய எயார் டெக்கான், ஒரு ரூபாய்க்குக்கூட டிக்கெட் விற்றது. அவர் வாழ்க்கையின் சாயலில்தான் 2020-இல் ‘சூரரைப் போற்று’ படம் வந்தது. 2017-இல் இந்திய அரசின் உடான் திட்டம் பறக்கத் தொடங்கியது. சிறு ஊர்களுக்கான ஒரு மணி நேரப் பயணத்தில் குறிப்பிட்ட அளவு ஆசனங்களுக்கு 2,500 ரூபாய் என்று உச்சவரம்பு. கம்பனிக்கு விழும் துண்டை மூன்று ஆண்டு வரை அரசு நிரப்பும். சேலத்துக்குச் சென்னையிலிருந்து விமானம் மீண்டது அப்படித்தான், 2018 மார்ச்சில். இடையில் அது நின்றும்போனது. 2023 ஒக்டோபரில் இன்னொரு கம்பனி அதே வழியை எடுத்துக்கொண்டது. மானியம் கொடுத்ததும் எல்லா வழியும் பிழைத்துவிடாது என்பது உண்மை. ஆனால் முயன்று பார்க்காமல் எந்த வழியில் ஆள் வரும் என்று யாருக்கும் தெரியப்போவதில்லை.

மட்டக்களப்பில் நிலையமும் ஓடுபாதையும் ஏற்கனவே இருக்கின்றன. வாவி சூழ்ந்த திமிலைதீவில் 1958-இல் திறந்தார்கள். 1983-இல் விமானப்படையின் கைக்குப் போய், 2018-இல் மீண்டும் உள்நாட்டுப் பயணிகளுக்காகத் திறந்தது. எட்டு ஆசனத்துக்குப் பதிலாக ஐம்பது, எழுபது ஆசன விமானம் வாரத்தில் சில நாட்களாவது கட்டுநாயக்கவுக்கு ஓடினால், அதுவும் வளைகுடாவுக்கும் ஐரோப்பாவுக்கும் கிளம்பும் விமானங்களின் நேரத்தோடு பொருத்தி ஓடினால், விமானிகளின் சம்பளத்தையும் தரையிறங்கு கட்டணத்தையும் பங்குபோட ஆள் சேரும். காத்தான்குடியிலிருந்தும் ஏறாவூரிலிருந்தும் கல்முனையிலிருந்தும் இரவெல்லாம் தூங்காமல் விமான நிலையம் போகும் குடும்பங்களே அந்த ஆட்கள்.

கிழக்கின் பாராளுமன்ற உறுப்பினர்களுக்கும் சிவில் விமானப் போக்குவரத்துக்குப் பொறுப்பான அமைச்சுக்கும் ஒரு வேண்டுகோள்: முதல் மூன்று ஆண்டுக்கு ஆசனத்தில் விழும் துண்டை அரசு ஏற்கும் ஒரு பரீட்சார்த்தச் சேவையை மட்டக்களப்பு–கட்டுநாயக்க வழியில் தொடங்குங்கள்.