அந்த மண்சுவரை மூடிவிடாதீர்கள்

கேரளத்தின் வர்க்கலையில், பாபநாசம் கடற்கரையில் முன்னோர்க்குப் பலிதர்ப்பணம் செய்ய வந்த கூட்டத்தைத் தாண்டி வடக்கே கால்மணி நேரம் நடந்தால் ஆளரவம் அடங்கிவிடுகிறது. கடல் உள்வாங்கியிருந்த தை மாதக் காலை அது. இடப்பக்கம் அலை, வலப்பக்கம் செங்குத்தாக வர்க்கலைக் குன்று. அதன் அடியில் முழங்கால் உயரத்துக்குக் கறுப்பாக ஒரு பட்டை ஓடுகிறது. விரலால் தேய்த்தேன். மைபோல ஒட்டிக்கொண்டது. அதற்குள் கட்டைவிரல் தடிமனில் ஒரு மரத்துண்டு. நகம் பட்டதும் நார்நாராகப் பிரிந்தது. மரம் என்றும் சொல்ல முடியவில்லை, கரி என்றும் சொல்ல முடியவில்லை. பக்கத்திலேயே பித்தளை நிறத்தில் சுண்டைக்காய் அளவு உருண்டைகள். காற்றுப்பட்ட இடமெல்லாம் மஞ்சள் பூத்து, தீக்குச்சி கிழித்தாற்போல் கந்தக வாடை.

அந்த உருண்டைகள் மார்க்கசைட் என்னும் இரும்புக் கந்தகக் கனிமம். ஓடுகிற நீரில், காற்றோட்டமுள்ள மண்ணில் இது உண்டாகாது. பிராணவாயு இல்லாமல் தேங்கிக்கிடந்த சேற்றில் உண்டாகும். ஆக, நான் நின்றுகொண்டிருந்த இடத்தில் ஒரு காலத்தில் இலையும் கிளையும் விழுந்து மட்காமல் ஊறிய சதுப்பு இருந்திருக்கிறது. ஒரு சுண்டைக்காய் அளவு கனிமம் இவ்வளவு சொல்கிறது.

அண்ணாந்து பார்த்தால் மிச்சக் கதை. கறுப்புக்கு மேலே சாம்பலும் வெள்ளையுமாகக் களிமண். அதன்மேல் மஞ்சளும் ஊதாவும் கலந்த மணற்கல், மீண்டும் களி, மீண்டும் மணல். உச்சியில் செக்கச்செவேல் என்று வெட்டுகல் என்னும் செம்புரைக்கல். 30 மீட்டர் வரை உயரும் இந்தச் சுவரில் அடியில் இருப்பது மூத்தது, மேலே இருப்பது இளையது. 1669-இல் விஞ்ஞானி ஸ்டெனோ எழுதிவைத்த இந்த எளிய விதிதான் இன்றுவரை நிலவியலின் முதல் பாடம். 1882-இல் இந்த அடுக்குகளைப் பற்றி எழுதிய நிலவியலாளர் வில்லியம் கிங் இந்த அடுக்குகளுக்கு இந்த ஊரின் பெயரையே வைத்தார். அன்றிலிருந்து கேரளக் கடற்கரையில் எங்கே இதே வரிசை கிடைத்தாலும் அதற்கு வர்க்கலைப் படிவு என்றுதான் பெயர்.

அடுக்குகளின் வரிசை கண்ணுக்குத் தெரிகிறது. வயதைச் சொல்ல உயிர்கள் வேண்டும். அதற்குக் கொல்லம் பக்கம் போகவேண்டும். அஷ்டமுடிக் காயலோரம் படப்பக்கரையில் வர்க்கலைப் படிவுக்கும் கீழே ஒரு சுண்ணாம்புக்கல் அடுக்கு தலைகாட்டுகிறது. கிளிஞ்சல், சங்கு, பவளம் என்று ஆழமில்லாத வெதுவெதுப்பான கடலின் மொத்தக் குடும்பமும் அதில் உறைந்திருக்கிறது. அதற்குள் ஒரு சிறு உயிரியின் கூடு. 19-ஆம் நூற்றாண்டின் நடுவில் பம்பாயிலிருந்த மருத்துவர் கார்ட்டர் அதை விவரித்து, மலபாரின் பெயரைச் சேர்த்து ‘மலபாரிக்கா’ என்று பெயரிட்டார். ஃபொராமினிஃபெரா என்ற ஒற்றைச்செல் கடலுயிர் வகையைச் சேர்ந்தது அது. உருவத்தில் அற்பம், ஆனால் கொஞ்ச காலமே வாழ்ந்து, பரந்த கடலெங்கும் பரவி, பிறகு இல்லாமல் போனது. அப்படிப்பட்ட உயிர்தான் காலத்தைச் சொல்லும் சாட்சி. அது எங்கே அகப்பட்டாலும் அந்தப் பாறை மயோசீன் காலத்தின் முற்பகுதி, ஏறத்தாழ 2 கோடி ஆண்டுக்கும் 1.6 கோடி ஆண்டுக்கும் இடைப்பட்டது. கட்ச் பகுதியில் அகப்பட்டது. இலங்கையின் மயோசீன் சுண்ணாம்புக்கல்லிலும் அகப்பட்டது. யாழ்ப்பாணத்துக் கிணறுகளைத் தாங்கிநிற்கும் சுண்ணாம்புக்கல்லும் அந்த மயோசீன் காலத்ததுதான். கொல்லத்துக்கும் இலங்கைக்கும் ஒரே கடலில் உறவு இருந்த காலம் அது.

அந்தக் கடல் பின்வாங்கியபின் படிந்ததுதான் வர்க்கலையின் கறுப்பு மண். அதில் கிளிஞ்சல் இல்லை, மகரந்தம் இருக்கிறது. கையளவு மண்ணை அமிலத்தில் இட்டால் மணலும் களியும் கரைந்துபோகும், மகரந்தத்தின் ஓடு மட்டும் கரையாது. நுண்நோக்கியில் வைத்தால் எந்தக் குடும்பத்து மரம் என்று முகம் காட்டும். மழைக்காட்டு மரங்களும் அலையாத்தியும் இங்கே இருந்தன என்று தெரிந்தது இப்படித்தான். நெய்வேலிப் பழுப்பு நிலக்கரியும் மயோசீன் காலத்தில் புதைந்த காடுதான். அங்கே பல மீட்டர் தடிமன், இங்கே சாண் கணக்கு. திருவக்கரையில் கல்லாகிக் கிடக்கும் மரங்களும் இவற்றுக்கு நெருங்கிய காலத்தவை. மேற்குக் கரையிலும் கிழக்குக் கரையிலும் காடுகள் ஏறக்குறைய ஒரே யுகத்தில் மண்ணுக்குள் போயிருக்கின்றன.

திருவனந்தபுரம் மாவட்டத்தில் இன்னொரு அதிசயமும் உண்டு. வர்க்கலையிலிருந்து தெற்கே பேருந்து பிடித்துக் கோவளத்துக்கு வந்தால் கடலுக்குள் நீண்டிருக்கும் பாறை வேறு சாதி. பூமியின் ஆழத்தில் வெந்து உருமாறிய பாறை அது. வெந்தது ஏறத்தாழ 55 கோடி ஆண்டுகளுக்கு முன். அன்று இலங்கையும் மடகாஸ்கரும் நமக்குப் பக்கத்து வீடு. அந்தப் பாறைதான் இந்தக் கரைக்கெல்லாம் அடித்தளம். அதன்மேல்தான் இந்தக் கடல்மண்ணும் காட்டுமண்ணும் வந்து உட்கார்ந்தன. இரண்டுக்கும் நடுவே 50 கோடி ஆண்டுக்கு மேல் இங்கே ஒரு பிடி மண்கூட மிச்சமில்லை. டைனோசர்கள் வந்துபோன காலம் முழுவதும் அந்த இடைவெளிக்குள் அடக்கம். அரியலூரில் அந்தக் காலத்தின் கடைசிப் பகுதிக்குக் கடற்பாறை இருக்கிறது. திருவனந்தபுரத்தில் வெறும் வெற்றிடம்.

இழந்ததன் அளவு இப்படியிருக்க, கிடைத்திருப்பதை நாம் நடத்தும் விதம்தான் நெஞ்சை அறுக்கிறது.

கேரளத்தின் நிலம் பாலைவனம்போலத் திறந்துகிடப்பதில்லை. தென்னையும் ரப்பரும் வீடும் ரோடும் மூடிய நிலம். இங்கே அடுக்குகளைக் கண்ணால் பார்க்க முன்பெல்லாம் இரண்டு வாசல்கள் இருந்தன. ஒன்று கடல் அரித்த குன்று. இன்னொன்று கிணறு.

கல்லம்பலம் பக்கம் நாற்பது ஆண்டு கிணறு வெட்டிய ஒரு பெரியவரைப் பார்த்தேன். மார்த்தாண்டத்திலிருந்து பிழைக்க வந்தவர். என்னென்ன மண் வரும் அண்ணாச்சி என்று கேட்டதுதான் தாமதம், திண்ணையில் குச்சியால் கோடு போட ஆரம்பித்துவிட்டார். மேலே வெட்டுகல், அடுத்து வெள்ளைச் சேடி என்னும் களிமண், அதன்கீழ் மணல். “கரிமண்ணு வந்துதுன்னா தோண்டுறத நிறுத்திருவோம் தம்பி. அதுக்கு மேல போனா தண்ணி நாறும்” என்றார். வர்க்கலையில் என் விரலில் ஒட்டிய அதே கறுப்பு; தண்ணீரை நாறவைப்பது அதே கந்தகம். நிலவியல் என்ற சொல்லைக் கேள்விப்படாமலே அந்த மனிதர் வரிசை பிசகாமல் சொன்னார். அவர் மகன் போர்வெல் லாரியில் வேலை செய்கிறார். அந்த எந்திரம் கல்லையும் மண்ணையும் மாவாக்கிச் சேறாகத் துப்புகிறது. இரண்டு மணி நேரத்தில் அத்தனை அடுக்கும் ஒரே குழம்பு. ஒரு வாசல் மூடியாயிற்று.

இன்னொரு வாசலான குன்றையும் மேலிருந்தும் கீழிருந்தும் அழிக்கிறோம். வெட்டுகல் நீரை உறிஞ்சும், களிமண் தடுக்கும். அதனால் மழைநீர் இரண்டுக்கும் நடுவே பக்கவாட்டில் ஓடி, குன்றின் முகத்தில் ஊற்றாகக் கசிகிறது. வர்க்கலையின் பேர்பெற்ற ஊற்றுகள் பிறப்பது இப்படித்தான். இப்போது விளிம்பை ஒட்டி விடுதிகளும் உணவகங்களும். கழிவுநீர்க் குழிகள், புல்வெளிக்குப் பாய்ச்சும் நீர், கூரையிலிருந்து கொட்டும் மழைநீர் எல்லாம் அதே களிமண்ணின் தலையில் இறங்குகின்றன. நீர் ஊறிய மணல் அடுக்கு கரைந்து வழிந்ததும், மேலே நிற்கும் வெட்டுகல் பிடிப்பில்லாமல் பாளம்பாளமாக விழுகிறது. இடவப்பாதி மழைக்காலத்தில் அலை வந்து அடியை அறுக்கும்போது சொல்லவே வேண்டாம்.

விழுவதைத் தடுக்க என்ன செய்கிறார்கள்? ஓரிடத்தில் கல் அடுக்கி மூடுகிறார்கள். இன்னோரிடத்தில் சிமெண்ட் பூசுகிறார்கள். 2024-இல் பாபநாசத்தில் குன்றின் ஒரு பகுதியை எந்திரம் வைத்தே வெட்டினார்கள். கீழே நடப்பவர் உயிரும் மேலே கடை வைத்திருப்பவர் பிழைப்பும் முக்கியம்தான். ஆனால் விளிம்பில் பாரத்தையும் நீரையும் ஏற்றிவிட்டு, சரிகிறதே என்று முகத்தைச் சிதைப்பது என்ன நியாயம்? தேசிய நிலவியல் நினைவுச்சின்னம் என்ற பலகை இருக்கிறது. 2025-இல் யுனெஸ்கோவின் உத்தேசப் பட்டியலிலும் வர்க்கலைக் குன்று ஏறியது. பலகையும் பட்டியலும் இருந்து, சுவர் சிமெண்டுக்குப் பின்னால் போய்விட்டால், உலகத்திலிருந்து வருகிறவருக்கு எதைக் காட்டப்போகிறோம்?

செய்யவேண்டியது மலையைப் புரட்டும் வேலை இல்லை. விளிம்பில் சேரும் நீரை ஊர்ப்பக்கமாகத் திருப்பி வடிகாலில் விட வேண்டும். விளிம்பிலிருந்து தள்ளிக் கட்ட வேண்டும். எந்தச் சுவரும் எழாத நீளமான ஒரு பகுதியை வேலியிட்டு, பார்க்க மட்டும் என்று விட வேண்டும். ஒவ்வொரு சரிவுக்குப் பிறகும் புதிதாகத் திறந்த முகத்தைப் படம் பிடித்து, அளந்து, எழுதிவைக்க வேண்டும்; சரிவு நமக்கு நட்டமாகவே முடியவேண்டியதில்லை. ஊரில் எங்கே அஸ்திவாரம் தோண்டினாலும், எங்கே கையால் கிணறு வெட்டினாலும், அடுக்குக்கு ஒரு பிடி மண் எடுத்து, ஆழத்தை எழுதி, பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் வைத்தால் போதும். மகரந்தம் தேட அந்த ஒரு பிடியே தாராளம்.

கடற்கரையில் எடுத்த மரத்துண்டை எடுத்த இடத்திலேயே வைத்துவிட்டு வந்தேன். கொல்லத்துக் கடல் விலகியபின் வளர்ந்த மரம். அதன் பெயர் இன்னும் எனக்குத் தெரியாது. கண்டுபிடிக்கப்போகிற பிள்ளை இந்நேரம் வர்க்கலையில் ஏதோ ஒரு வகுப்பில் உட்கார்ந்திருக்கலாம். அவள் வரும்வரை அந்தக் கறுப்புப் பட்டை வெயில்பட்டு, திறந்தபடி, அங்கேயே இருக்க வேண்டும்.