ஆவணம் முடிகிற இடம்: டுபாய்ஸின் வரலாறும் நாவலும்

இலக்கியக் கூட்டங்களில் யாரிடம் பேச்சுக் கொடுத்தாலும், “வரலாறுங்கிறதே ஒரு புனைவுதானே” என்று ஆரம்பிக்கிறார்கள். நானும் அப்படிச் சொல்லிக்கொண்டு திரிந்தவன்தான். டபிள்யூ.இ.பி. டுபாய்ஸை (1868-1963) வாசித்த பிறகு அந்த வாக்கியம் அவ்வளவு சுலபமாக வாயில் வருவதில்லை. ஒரே காலகட்டத்தை முதலில் வரலாறாக எழுதி, இருபது வருஷத்துக்குப் பிறகு நாவலிலும் தொட்ட கறுப்பின அறிஞர் அவர். ஏன் இரண்டு தடவை எழுதினார் என்பதுதான் என் கேள்வி.

அமெரிக்க உள்நாட்டுப் போர் முடிந்த 1865இலிருந்து 1877 வரையிலான ஆண்டுகளை ‘மறுநிர்மாணக் காலம்’ என்பார்கள். அடிமைத்தளை நீங்கிய கறுப்பின ஆண்கள் தென் மாநிலங்களில் ஓட்டுப் போட்டார்கள், சட்டமன்றங்களில் உட்கார்ந்தார்கள், பொதுப்பள்ளிகள் உருவாகக் காரணமானார்கள். பிறகு எல்லாம் பறிக்கப்பட்டது. பறித்தவர்களுக்குச் சாதகமான வரலாறும் வந்து சேர்ந்தது. கொலம்பியா பல்கலைக்கழகத்தின் வில்லியம் டன்னிங்கும் அவருடைய மாணவர்களும் அதைத் தகுதியற்றவர்களின் ஊழல் ஆட்சியாக எழுதினார்கள். தாமஸ் டிக்சன் ‘தி கிளான்ஸ்மேன்’ (1905) என்று நாவல் எழுதினார். கிரிஃபித் அதை ‘தி பர்த் ஆஃப் எ நேஷன்’ (1915) என்று படமாக்கினார். கூ க்ளக்ஸ் கிளான் கொலைகாரர்கள் அதில் ரட்சகர்கள். பேராசிரியரின் அடிக்குறிப்பும் நாவலாசிரியரின் கற்பனையும் ஒரே சொல்லாடலுக்குள் கைகோத்துக்கொண்டன.

டுபாய்ஸ் ஹார்வர்டில் முனைவர் பட்டம் பெற்ற (1895) முதல் கறுப்பினத்தவர். தகவல்களைச் சரியாகத் திரட்டி முன்வைத்தால் நிறவெறி கரைந்துவிடும் என்று நம்பியவர். 1899இல் ஜார்ஜியாவில் சாம் ஹோஸ் என்பவரை வெள்ளையர் கும்பல் எரித்துக் கொன்றது. அது பற்றி நிதானமாக ஒரு கடிதம் எழுதி எடுத்துக்கொண்டு, அட்லாண்டாவில் பத்திரிகை அலுவலகத்துக்கு நடந்து போகிறார் டுபாய்ஸ். ஹோஸின் விரல் எலும்புகள் போகிற வழியிலுள்ள ஒரு கடையில் காட்சிக்கு வைக்கப்பட்டிருப்பதாகக் கேள்விப்படுகிறார். பாதி வழியிலேயே திரும்பிவிடுகிறார். தகவல் மட்டும் போதாது என்பது அவருக்குப் புரிந்த இடம் அது.

1935இல் ‘பிளாக் ரீகன்ஸ்ட்ரக்ஷன்’ வருகிறது. எழுநூறு பக்கத்துக்கு மேல். விடுதலை லிங்கன் போட்ட பிச்சை இல்லை என்கிறது அது. பண்ணைகளை விட்டு வடக்குப் படைகளை நோக்கி நடந்த சுமார் ஐந்து லட்சம் பேரின் செயலைப் பொது வேலைநிறுத்தம் என்று பெயரிடுகிறது. கடைசி அத்தியாயத்தில் பாடப்புத்தகங்களையே பிரதிகளாக எடுத்து, வரலாறு எப்படிப் பிரச்சாரமானது என்று காட்டுகிறது. அன்றைய தெற்கின் ஆவணக் காப்பகங்களுக்குள்ளும் நிறப் பிரிவினை இருந்தது. அதனால் அரசு அறிக்கைகளையும் அச்சான நூல்களையும் வைத்தே பெரும்பகுதியை எழுதினார். வெளிவந்தபோது அமெரிக்க வரலாற்றுச் சங்கத்தின் இதழ் ஒரு மதிப்புரைகூடப் போடவில்லை.

பிறகுதான் நாவல்கள் வருகின்றன. ‘தி பிளாக் ஃபிளேம்’ என்கிற மூன்று பகுதிகள் 1957, 1959, 1961இல் வெளியாயின. முதல் பகுதி வந்தபோது அவருக்கு 89 வயது. தென் கரோலினாவில் 1876இல், டாம் மன்சார்ட் என்ற கறுப்பின அரசியல்வாதியைக் கும்பல் கொன்ற இரவில் அவர் மகன் மானுவல் பிறக்கிறான். அவன் வாழ்க்கை வழியாகக் கதை 1950கள் வரை நகர்கிறது. நாவலாகத் தேறுமா என்றால், பல இடங்களில் தேறாது. பாத்திரங்கள் பேசுவதில்லை, பிரசங்கம் பண்ணுகிறார்கள். இதை மறைத்து அவருக்கு வக்காலத்து வாங்க வேண்டியதில்லை.

ஆனால் முதல் பகுதியின் பின்னுரையைப் பாருங்கள். நேரமும் பணமும் இருந்திருந்தால் ஆராய்ச்சியையே தொடர்ந்திருப்பேன் என்கிறார். அடிப்படைத் தகவல்கள் சரிபார்க்கக் கூடியவை. ஆனாலும் இது வரலாறு இல்லை. ஆவணம் சொல்லாமல் விட்டதை விளங்கிக்கொள்ளக் கற்பனையைப் பயன்படுத்துகிறேன் என்று ஒப்புக்கொள்கிறார்.

இங்கேதான் டிக்சனும் டுபாய்ஸும் பிரிகிறார்கள். இருவருமே இறந்தகாலத்தைப் புனைந்தவர்கள்தான். டிக்சன் புனைவை வரலாறு என்று விற்றார். டுபாய்ஸ் தன் ஆவணம் எங்கே முடிகிறது, கற்பனை எங்கே தொடங்குகிறது என்பதை வாசகனிடம் மறைக்கவில்லை. அதற்கு முன் ஆவணத்தின் கடைசி விளிம்பு வரைக்கும் நடந்து பார்த்தவர் அவர். காப்பகத்தில் குரல் இல்லாதவர்களை எழுதப் புனைவு வேண்டியிருக்கிறது என்பது உண்மை. அதற்காக எல்லாமே புனைவு என்று ஒரே மூட்டையில் கட்டிவிட்டால், லாபம் டிக்சனுக்குத்தான். கொன்றவன் கதையும் கொல்லப்பட்டவன் கதையும் சம எடை ஆகிவிடும்.

பெருங்கதையாடல்களைக் கட்டுடைக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. டன்னிங் கூட்டத்தை டுபாய்ஸ் 1935இலேயே கட்டுடைத்துவிட்டார். ஆனால் உண்மையைக் கைவிட்டு அல்ல, அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு. அந்தக் கடையில் வைத்திருந்த எலும்புகளைப் புனைவு என்று அவரால் சொல்லியிருக்க முடியாது. நாமும் சொல்லக் கூடாது.