பட்டை உரித்த செடார் மரம்
கிரேட் பேர் மழைக்காடு, பிரிட்டிஷ் கொலம்பியா, கனடா

கீழே அகன்று மேலே கூராக முடியும் இந்தத் தழும்பு மனிதக் கைகள் விட்டுச்சென்றது. பசிபிக் கடலோரப் பழங்குடி மக்கள், மரத்தில் சாறு ஏறும் வசந்தத்திலும் முன்கோடையிலும் அடிப்பட்டையைக் கீறி, நீண்ட பட்டையாக மேல்நோக்கி இழுத்து உரிப்பார்கள். அதன் உட்பட்டை கயிறாகும், பாயாகும், கூடையும் தொப்பியுமாகும். ஒரு பகுதியை மட்டும் எடுத்து மற்றதை விட்டுவிடுவதால் மரம் பிழைத்து வளர்கிறது. காட்டை அழிக்காமல் பயன்கொள்வதற்கு இதைவிடத் தெளிவான சான்று அரிது. இந்தக் கைத்தொழில் இன்றும் தொடர்கிறது.

தழும்பின் ஓரத்தில் வளர்ந்த வளையங்களை எண்ணினால் பட்டை உரித்த ஆண்டு தெரியும். 1846-க்கு முந்தைய தழும்புள்ள மரங்களுக்கு மாகாண மரபுச் சட்டத்தின் காப்பு உண்டு.

மலைகள் நேரே கடலில் இறங்கும் இந்த நிலப்பரப்பு சுமார் 64 லட்சம் ஹெக்டேர். பழங்குடி அரசுகளும் மாகாண அரசும் 2016-இல் அறிவித்த உடன்பாட்டின்படி, இங்குள்ள காட்டில் 85 விழுக்காட்டில் வணிக நோக்கில் மரம் வெட்டுவதில்லை.

இந்தக் காட்டின் ஆறுகளில் எதிரேறி வரும் சால்மன் மீன்களைக் கரடிகள் கரைக்கு இழுத்துவந்து தின்கின்றன. மிச்சம் மட்கி, கரையோர மரங்களுக்கு உரமாகிறது.

தழும்பைத் தொடாமல் பாருங்கள்.